கரிசல்காட்டுக் காவல்

கோவில்பட்டி, எட்டயபுரம், விளாத்திகுளம், ஓட்டப்பிடாரம் வட்டாரத்துக் கரிசல் கிராமங்களில் போலீஸ் ஸ்டேஷன் வருவதற்கு நெடுங்காலம் முன்பே காவல் இருந்தது. வீடு, களம், கால்நடை, காட்டில் நிற்கும் வெள்ளாமை ஆகியவற்றைக் காக்கும் பொறுப்பு தலைமுறை தலைமுறையாகச் சில குடும்பங்களின் கையில் இருந்தது. ஒரு ஊருக்குள் நடப்பது ஸ்தலக்காவல். பல ஊர்களையும் அவற்றுக்கு இடையே ஓடும் பாதைகளையும் சேர்த்துக் காப்பது திசைக்காவல். அது பாளையக்காரர்களின் உரிமை. இதற்கான கூலி ஏருக்கு இவ்வளவு, வீட்டுக்கு இவ்வளவு என்று வசூலாகும். களத்தில் கம்பும் சோளமும் அடித்துத் தூற்றியதும் காவல்காரர் பங்கு தனியே அளந்து வைக்கப்படும்.

கூலிக்குப் பதிலாகக் காவல்காரர் தந்தது வாக்கு. களவு போன பொருளைக் கண்டுபிடித்துத் தரவேண்டும். முடியாவிட்டால் அதன் மதிப்பைத் தன் கையிலிருந்து ஈடுகட்ட வேண்டும். இந்த ஒரு நிபந்தனைதான் காவலுக்கு மானத்தைக் கொடுத்தது. ராத்திரியில் ஒரு சோடி உழவு மாடு தொழுவத்திலிருந்து மறைந்தால், விடியும்போதே காவல்காரர் தடம் பார்க்கக் கிளம்புவார். ஐப்பசி, கார்த்திகை ஈரத்தில் கரிசல் மண் குளம்படியை அச்சுப்போலப் பிடித்து வைத்திருக்கும். பங்குனி, சித்திரையில் நிலம் வெடித்துப் பாளம் பாளமாகக் கிடக்கும்போது தடம் கிடைப்பது பெரும்பாடு. தடம் அடுத்த ஊர் எல்லைக்குள் போய்விட்டதைக் காட்டிவிட்டால், பொறுப்பு அந்த ஊர்க் காவல்காரர் தலைக்கு மாறும். குற்றவாளிக்குத் தண்டனை வாங்கித் தருவதைவிட, பறிகொடுத்தவனுக்கு இழப்பை ஈடுசெய்வதே இந்த முறையில் நீதி. இன்றைய நீதிமன்றங்களால்கூட எளிதில் செய்ய முடியாத காரியம் அது.

குறைகளும் இருந்தன. காக்கும் கை பறிக்கவும் வல்லது. காவல்கூலி தர மறுத்த ஊரில் மாடு காணாமல் போவதும், வைக்கோற்போர் எரிவதும் நடந்தன. பக்கத்துப் பாளையத்து ஊர்களில் புகுந்து கூலி கேட்ட பாளையக்காரர்களும் உண்டு. கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரிகள் இதைப் பக்கம் பக்கமாக எழுதி வைத்தார்கள். அவர்கள் எழுதியது முழுப்பொய் அல்ல. ஆனால் வரியும் ஆயுதமும் தங்கள் கைக்கு வரவேண்டும் என்ற நோக்கத்தோடு எழுதப்பட்டது.

1792-ல் ஆற்காட்டு நவாபுடன் செய்துகொண்ட உடன்படிக்கையால் பாளையக்காரர்களிடம் கப்பம் வாங்கும் அதிகாரம் கம்பெனிக்குக் கிடைத்தது. பாஞ்சாலங்குறிச்சி வீரபாண்டிய கட்டபொம்மனோடு மூண்ட பகை 1799 செப்டம்பரில் மேஜர் பானர்மேன் கோட்டையைத் தாக்கும் அளவுக்குப் போனது. புதுக்கோட்டைச் சீமையில் பிடிபட்ட கட்டபொம்மனைக் கயத்தாறுக்குக் கொண்டுவந்து, மற்றப் பாளையக்காரர்களையெல்லாம் வரவழைத்து உட்காரவைத்து, விசாரணை என்ற பெயரில் குற்றச்சாட்டுகளை வாசித்தார் பானர்மேன். 1799 அக்டோபர் 16 அன்று, புளியமரத்தில் தூக்கு. நீதியைவிடப் பார்த்திருந்தவர்களுக்கு விடுத்த எச்சரிக்கைதான் அங்கே பெரிதாக இருந்தது. அடுத்த நாள் பானர்மேன் எழுதிய கடிதமே கட்டபொம்மனின் மானத்துக்குச் சாட்சி. விசாரணை நேரம் முழுக்க அவர் அஞ்சாமல் நின்றதையும், தன்னைப் பிடிக்க முனைந்த எட்டயபுரம் பாளையக்காரரை இகழ்ச்சியோடு பார்த்ததையும், உறுதியான நடையோடு மரத்தடிக்குப் போனதையும் எதிரியே பதிவு செய்திருக்கிறார். வாய் பேசாத தம்பி ஊமைத்துரையைப் பற்றி மட்டும் கவலைப்பட்டாராம். கோட்டையை விட்டு வெளியேறாமல் அங்கேயே போரிட்டுச் செத்திருக்கலாம் என்று வருந்தினாராம்.

அந்தத் தம்பி 1801 பிப்ரவரியில் பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பி, இடித்துத் தள்ளப்பட்ட கோட்டையைச் சில நாட்களில் மண்ணால் எழுப்பினார். மே மாதம் கோட்டை விழுந்தது; நவம்பரில் ஊமைத்துரையும் தூக்கிலேற்றப்பட்டார். பாஞ்சாலங்குறிச்சியின் நிலத்தில் ஒரு பகுதி எட்டயபுரத்துக்குப் பரிசாகப் போனது. ஆயுதங்கள் பறிக்கப்பட்டன, கோட்டைகள் இடிக்கப்பட்டன, பாளையங்கள் 1803-ல் ஜமீன்களாயின. திசைக்காவல் உரிமையையும் அதன் வரும்படியையும் கம்பெனி எடுத்துக்கொண்டது.

காவலை எடுத்துக்கொண்ட கம்பெனி, ஈடுகட்டும் கடமையை எடுத்துக்கொள்ளவில்லை. 1859-ல் சென்னை மாகாணப் போலீஸ் சட்டம் வந்த பிறகும் ஸ்டேஷன்கள் தூரம் தூரமாகத்தான் இருந்தன. மாட்டைப் பறிகொடுத்த சம்சாரி அங்கே போனால் புகார்தான் எழுதலாம், மாடு வராது. அதனால் ஊர்கள் ரகசியமாகவும் வெளிப்படையாகவும் பழைய காவல்காரருக்கே கூலி கொடுத்து வந்தன. சட்டத்தின் ஆதரவு போன அந்த வழக்கம் கெட்டும் போனது. துப்புக்கூலி என்பது அதன் அடையாளம். மாடு இருக்கும் இடத்தைச் சொல்ல ஒரு தொகை கேட்பார்கள். பணம் கைமாறினால் மாடு ஏதாவது ஓர் ஓடைக்கரையில் கட்டிக் கிடக்கும். திருடியவரும் துப்புச் சொன்னவரும் ஒரே கூட்டாளிகள் என்பது எல்லாருக்கும் தெரிந்திருக்கும்.

இதே காலத்தில் அமெரிக்காவின் மேற்கு எல்லையிலும் மாடும் துப்பாக்கியும் நீதியைத் தீர்மானித்தன. வயோமிங் மாநிலத்தின் ஜான்சன் கவுன்டியில் 1892-ல், மாட்டுப் பண்ணைப் பெருமுதலாளிகள் கூலிக்குத் துப்பாக்கிக்காரர்களைத் திரட்டி, திருடர்கள் என்று குற்றஞ்சாட்டிச் சிறு பண்ணையாட்களைக் கொன்றார்கள். ஆனால் அங்கே குடியேறியவர்கள், சட்டம் வந்து சேராத வெளியில் தாங்களே நீதி வகுத்துக்கொண்டதாகச் சொன்னார்கள். கரிசலிலோ ஏற்கெனவே இருந்த சட்டம் பிடுங்கப்பட்டது. பிடுங்கியவர்கள் அடுத்துச் செய்தது இன்னும் கொடுமை.

1871-ல் வட இந்தியாவில் தொடங்கிய குற்றப் பரம்பரைச் சட்டம் 1911-ல் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. காவல் பார்த்த கள்ளர், மறவர் உள்ளிட்ட பல சமூகங்களின்மேல் அது பாய்ந்தது. குற்றம் செய்தாரா என்ற கேள்வியே கிடையாது, பிறப்பு போதும். ஆண்கள் கைரேகை பதிய வேண்டும், இரவில் ஸ்டேஷனிலோ ஊர்ச்சாவடியிலோ வந்து படுக்க வேண்டும், வெளியூர் போக அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும். ராத்திரிச்சீட்டு என்று மக்கள் அதைச் சொன்னார்கள். ராத்திரி முழுக்க ஊரைக் காத்தவரின் பேரன், ராத்திரியில் தன் வீட்டில் படுக்க உரிமையற்றவன் ஆனான். உசிலம்பட்டி அருகே பெருங்காமநல்லூர் மக்கள் கைரேகை பதிய மறுத்தபோது, 1920 ஏப்ரல் 3 அன்று போலீஸ் சுட்டதில் பத்துக்கும் மேற்பட்டோர் செத்தார்கள். மாயக்காள் என்ற பெண்ணும் அவர்களில் ஒருவர்.

சட்டத்தை நீக்கக் கோரி முத்துராமலிங்கத் தேவர், பி. ராமமூர்த்தி, ப. ஜீவானந்தம் போன்ற தலைவர்கள் குரல் கொடுத்தார்கள். 1947-ல் சென்னை மாகாணத்தில் அது ரத்தானது. நாடு முழுவதும் 1952-ல். பழி துடைக்கப்பட்ட சமூகங்கள் சீர்மரபினர் ஆயின. 1979-ல் தமிழக அரசு சீர்மரபு பழங்குடியினர் என்ற பெயரைச் சீர்மரபு வகுப்பினர் என்று மாற்றியது. பழைய பெயரைத் திரும்பக் கேட்டுப் பல ஆண்டுகள் போராட்டம் நடந்த பிறகு, 2019-ல் மத்திய அரசுத் திட்டங்களுக்கு ஒரு பெயர், மாநிலத்துக்கு ஒரு பெயர் என்று அரசாணை வந்தது. தாத்தா கைரேகை வைத்தது ஒரே பதிவேட்டில். பேரன் நியாயம் கேட்டு வாங்கியது இரண்டு சான்றிதழ்கள்.