மூடியே கருவியின் பாதி

இன்று தமிழ்ப்படம் ஓடும் டிஜிட்டல் திரையரங்குகள் பலவற்றில் காட்சியைத் திரையில் விழவைப்பவை குட்டிக் கண்ணாடிகள். ஒரு சில்லின்மேல் 20 லட்சத்துக்கும் அதிகமான அலுமினியக் கண்ணாடிகள். ஒவ்வொன்றின் அகலமும் மில்லிமீட்டரில் ஏறத்தாழ நூறில் ஒரு பங்கு. நொடிக்கு ஆயிரக்கணக்கான தடவை இப்பக்கமும் அப்பக்கமும் சாய்கின்றன. ஒரு பக்கம் சாய்ந்தால் ஒளி திரைக்குப் போகும். மறுபக்கம் சாய்ந்தால் அந்தப் புள்ளி இருட்டாகும். 1987-இல் டெக்சஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் நிறுவனத்தில் இதைக் கண்டுபிடித்த லாரி ஹார்ன்பெக்குக்கு 2015-இல் ஆஸ்கார் அகாடமியின் தொழில்நுட்ப விருது கிடைத்தது.

இப்படி அசையும் உறுப்புகள் கொண்ட சில்லுகளுக்கு மெம்ஸ் என்று பெயர். கைப்பேசியின் மைக் அந்த வகை. கார் மோதும்போது காற்றுப்பையை விரிக்கச் சொல்லும் உணரியும் அந்த வகைதான். அதற்குள் சிலிக்கானில் செதுக்கிய சிறு எடை ஒன்று மெல்லிய வில்களில் தொங்குகிறது. அதிலிருந்து நீளும் விரல்கள், சீப்புப் பற்களைப் போல, நிலையான விரல்களுக்கு நடுவே புகுந்து நிற்கின்றன. மோதலில் எடை நகரும்; இடைவெளி மாறும்; மின்தேக்கத் திறன் மாறும். அந்த மாற்றமே காற்றுப்பைக்கான கட்டளை.

1972-இல் தொடங்கிய கதை

அதே டெக்சஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் 1972-இல் கோலாலம்பூருக்கு வந்தது. 1971-இன் சுதந்திர வர்த்தக மண்டலச் சட்டத்துக்குப் பிறகு சுங்கைவேயிலும் அம்பாங் - உலு கிள்ளானிலும் மின்னணுத் தொழிற்சாலைகள் எழுந்தன. தோட்டங்கள் துண்டாடப்பட்டு நகரம் தேடி வந்த குடும்பங்களின் பெண்பிள்ளைகளும் அங்கே ஷிப்டு வேலைக்குப் போனார்கள். நுண்ணோக்கியில் கண்பதித்து, மயிரிழையிலும் மெல்லிய தங்கக் கம்பிகளைச் சில்லோடு இணைத்தார்கள். அதை வெறும் ‘பேக்டரி வேலை’ என்றே நாம் சொல்லிப் பழகிவிட்டோம். மெம்ஸ் துறை அந்த எண்ணத்தைத் திருத்துகிறது.

சாதாரணச் சில்லைப் பிசினில் புதைத்து மூடிவிடலாம். மெம்ஸ் சில்லை அப்படி மூடினால் அசைய வேண்டியது அசையாது. ஈரம் புகுந்தால் நுண் உறுப்புகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு பிரிய மறுக்கும். சிலிக்கான் தகட்டைச் சில்லுகளாக வெட்டும்போது பாயும் தண்ணீரே அவற்றை முறித்துவிடும். மைக்குக்கு ஒலி நுழையத் துளை வேண்டும். கண்ணாடிச் சில்லுக்கு ஒளி நுழையச் சாளரம் வேண்டும். சோதனையும் வேறு: சாய்த்து, குலுக்கி, ஒலி எழுப்பித்தான் பார்க்க வேண்டும். அதனால் பல மெம்ஸ் கருவிகளில் சில்லைவிட மூடுவதற்கும் சோதிப்பதற்கும்தான் செலவு அதிகம். இப்படிச் சில்லை மூடுவதைப் பொதிவு என்பார்கள். உலகின் சில்லுப் பொதிவு, சோதனைப் பணியில் சுமார் 13 விழுக்காடு மலேசியாவில் நடக்கிறது. இந்தக் கைத்திறன் பெரிய அறிவுச் சொத்து.

பாங்கியும் பூச்சோங்கும்

ஆனால் பொதிவோடு நின்றால் போதாது; ஆய்வும் வடிவமைப்பும் வேண்டும். பாங்கியில் மலேசியத் தேசியப் பல்கலைக்கழகம் 2002-இல் நுண்பொறியியல், நானோ மின்னணுவியல் கழகத்தைத் தொடங்கியது. செயற்கைச் சிறுநீரகத்துக்கான நுண்துளைச் சவ்வுகளை அங்கே ஆராய்ந்திருக்கிறார்கள். சிலிக்கானில் துளைகளை நானோ அளவில் ஒரே சீராக அமைத்தால், புரதம் உள்ளேயே தங்க, கழிவு மட்டும் வெளியேறும். நாட்டில் புதிதாக டயாலிசிஸ் தொடங்குவோரில் பாதிக்கும் மேற்பட்டோர் சர்க்கரை நோயாளிகள். வாரம் மூன்று நாள் ஊசியும் குழாயுமாகக் கிடப்பவர்களின் வீட்டாருக்கு இந்த ஆய்வின் அருமையை விளக்க வேண்டியதில்லை.

2024 மே மாதம் பிரதமர் அன்வார் இப்ராஹிம் தேசியக் குறைக்கடத்தி வியூகத்தை அறிவித்தார்: 2,500 கோடி ரிங்கிட் ஆதரவு, 60,000 பொறியாளர்களுக்குப் பயிற்சி. அதே ஆண்டு ஆகஸ்டில் பூச்சோங்கில் சில்லு வடிவமைப்புப் பூங்கா திறக்கப்பட்டது.

அந்த 60,000 பேரில் நம் பிள்ளைகள் எத்தனை பேர்? தமிழ்ப்பள்ளி அறிவியல் விழாக்களில் பரிசு வாங்கும் பிள்ளைகள் கிள்ளானிலும் பிரிக்பீல்ட்சிலும் இருக்கிறார்கள். படிவம் 4-இல் இயற்பியலும் கூடுதல் கணிதமும் கடினம் என்று அவர்களைத் திருப்பிவிடக் கூடாது. மெம்ஸ் துறைக்கு இயந்திரவியல், வேதியியல், மருத்துவம் படித்தவர்களும் வேண்டும், வாசல் அகலமானது. பாங்கியும் பூச்சோங்கும் தொலைவில் இல்லை. நம் சங்கங்கள் மாணவர்களை ஒரு நாள் அந்த ஆய்வுக்கூடங்களுக்கு அழைத்துப் போகட்டும். தாய்மார்கள் மூடித் தந்த சில்லை, மகள்கள் வடிவமைக்க வேண்டும்.