எச்சரிக்கையின் முகவரி எது?

வங்கக் கடலில் காற்றழுத்தத் தாழ்வு வலுப்பெறும்போதெல்லாம், 'சென்னை, எண்ணூர் துறைமுகங்களில் ஒன்றாம் எண் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றம்' என்ற செய்தியை நாளிதழ்களில் படிக்கிறோம். கைப்பேசியிலேயே செயற்கைக்கோள் படத்தைப் பார்த்துவிடும் இன்றைய தலைமுறைக்கு அந்தக் கூண்டு பழங்காலத்து மிச்சமாகத் தோன்றலாம். உண்மையில் அது முழுமையான ஒரு தொடர்பு நெறிமுறை. பகலில் கூம்பும் உருளையும், இரவில் சிவப்பு, வெள்ளை விளக்குகளும் அதன் எழுத்துகள். 1 முதல் 11 வரையிலான எண்களே அதன் அகராதி. கொடிமரம் கண்ணுக்குத் தெரியும் தொலைவில் இருக்கும் எவரும், எந்த மொழி பேசுபவராயினும், யாரிடமும் பதிவு செய்துகொள்ளாமல், கட்டணம் ஏதுமின்றி அதைப் படிக்கலாம்.

செய்தியை அனுப்புவோரும் பெறுவோரும் முன்கூட்டியே ஒப்புக்கொண்ட விதிகளின் தொகுப்பே தொடர்பு நெறிமுறை. செய்தி எந்த வடிவில் அமைய வேண்டும், யாருக்குப் போக வேண்டும், போய்ச் சேர்ந்ததை எப்படி அறிவது, சேராவிட்டால் என்ன செய்வது என்பவற்றையெல்லாம் அது தீர்மானிக்கிறது. குறுஞ்செய்தி, வாட்ஸ்அப், மின்னஞ்சல், படகிலுள்ள வயர்லெஸ் என நாம் கையாளும் ஒவ்வொன்றுக்கும் தனித்தனி நெறிமுறை உண்டு. பொறியாளர்களின் விவகாரம் என்று நாம் அதை ஒதுக்கிவிடுகிறோம். ராயபுரம் முதல் எண்ணூர் வரையிலான கடற்கரையில் அது உயிர் தொடர்பான விவகாரம்.

2023 டிசம்பர் 26 அன்று நள்ளிரவுக்குச் சற்று முன், எண்ணூரில் உள்ள கோரமண்டல் இன்டர்நேஷனல் உர ஆலைக்குக் கப்பலிலிருந்து திரவ அம்மோனியாவைக் கொண்டுவரும் கடலடிக் குழாயில் கசிவு ஏற்பட்டது. பெரியகுப்பம், சின்னகுப்பம் உள்ளிட்ட மீனவக் கிராமங்களில் உறங்கிக்கொண்டிருந்தவர்களை எழுப்பியது, கண்ணையும் மூச்சையும் தாக்கிய நெடிதான். குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு மக்கள் சாலைக்கு ஓடினார்கள். பலர் மருத்துவமனைகளில் சேர்க்கப்பட்டனர். அதற்கு மூன்று வாரங்களுக்கு முன்புதான் மிக்ஜாம் புயல் வெள்ளத்தில் மணலிப் பகுதியின் எண்ணெய்க் கழிவு கலந்து எண்ணூர்க் கழிமுகத்தைக் கறுப்பாக்கியிருந்தது.

நள்ளிரவில், ஐந்து நிமிடங்களுக்குள், ஒரு குப்பத்திலுள்ள அனைவருக்கும் ஒரு செய்தி போய்ச் சேர வேண்டும். எந்த வழியில் அனுப்புவது? நம்மிடமுள்ள நெறிமுறைகளை இந்தக் கேள்வியை வைத்து ஒப்பிட்டுப் பார்ப்போம்.

எண்ணுக்கா, இடத்துக்கா?

முதலில் நினைவுக்கு வருவது குறுஞ்செய்தி. 1992 டிசம்பரில் பிரிட்டனில் முதல் குறுஞ்செய்தி அனுப்பப்பட்டது. அழைப்புகளை இணைக்கும் சமிக்ஞைத் தடத்திலேயே இதுவும் பயணம் செய்வதால் அளவு கட்டுப்படுத்தப்பட்டது: ஒரு செய்திக்கு 140 பைட்டுகள். ஆங்கிலத்தில் அது 160 எழுத்துகள். தமிழ் போன்ற மொழிகளில் ஒவ்வொரு குறிக்கும் இரண்டு பைட்டுகள் தேவைப்படுவதால் 70 குறிகள் மட்டுமே. நம் எழுத்துமுறையில் மெய்யும் உயிர்மெய்யும் பெரும்பாலும் இரண்டு குறிகளால் ஆனவை. 'எச்சரிக்கை' என்ற ஆறு எழுத்துச் சொல் பத்து இடங்களை எடுத்துக்கொள்கிறது. எச்சரிப்பதிலேயே ஏழில் ஒரு பங்கு தீர்ந்துவிடும்! நீண்ட செய்தி துண்டு துண்டாகப் பிரிந்து சென்று, கைப்பேசியில் மீண்டும் ஒட்டப்படுகிறது.

அளவைவிடப் பெரிய சிக்கல் முகவரி. குறுஞ்செய்தி ஓர் எண்ணைத் தேடிச் செல்கிறது. ஒரு மையத்தில் சேமிக்கப்பட்டு, ஒவ்வோர் எண்ணாகக் கண்டுபிடித்துக் கொடுக்கப்படுகிறது. பத்தாயிரம் பேருக்குச் சொல்ல வேண்டுமானால் பத்தாயிரம் செய்திகள். ஆபத்து வேளையில் எல்லோரும் ஒரே நேரத்தில் அழைக்கும்போது அந்த வரிசை இன்னும் நீளும். எண்ணூரில் பதிவான எண் அன்றிரவு மதுரையில் இருக்கலாம். பிழைப்பு தேடி வெளிமாநிலத்திலிருந்து வந்து ஆலையருகே தங்கியிருக்கும் தொழிலாளியின் எண் எந்தப் பட்டியலிலும் இல்லாமல் போகலாம்.

'செல் பிராட்காஸ்ட்' எனப்படும் முறை இதற்கு நேர்மாறானது. அது எண்ணைக் கேட்பதில்லை, இடத்தைக் கேட்கிறது. ஒரு கோபுரம் தன் எல்லைக்குள் ஒரே ஒருமுறை செய்தியை ஒலிபரப்புகிறது. அங்கிருக்கும் நூறு கைப்பேசிகளும் லட்சம் கைப்பேசிகளும் அதை ஒரே நேரத்தில் பெறுகின்றன. நெரிசல் அதைப் பாதிப்பதில்லை. யார் அங்கே இருந்தார்கள் என்ற விவரமும் திரட்டப்படுவதில்லை. 2023இல் தொலைத்தொடர்புத் துறை நடத்திய சோதனைகளின்போது நம் கைப்பேசிகள் திடீரென உரக்க ஒலித்து அதிர்ந்தது பலருக்கு நினைவிருக்கலாம். அது இந்த முறைதான். சி-டாட் நிறுவனம் அதை உள்நாட்டிலேயே உருவாக்கியது. ஆலைக் கசிவு போன்ற ஆபத்து இடத்தைப் பொறுத்தது. ஆகவே எச்சரிக்கையும் இடத்தை முகவரியாகக் கொள்வதே பொருத்தம்.

ஒப்புகைச் சீட்டு

இடத்தை நோக்கிய ஒலிபரப்புக்கு ஒரு குறை உண்டு. செய்தி சேர்ந்ததா என்பது அனுப்பியவருக்குத் தெரியாது. இது நெறிமுறைகளின் உலகில் பழைய பிரச்சினை. விண்டன் செர்ஃப், ராபர்ட் கான் ஆகியோர் 1974இல் முன்வைத்த டிசிபி நெறிமுறை பதிவுத் தபாலைப் போன்றது. ஒவ்வொரு பொதிக்கும் ஒப்புகைச் சீட்டு திரும்பி வர வேண்டும். வராவிட்டால் மீண்டும் அனுப்பப்படும். 1980இல் வந்த யுடிபி நெறிமுறை, அஞ்சல் பெட்டியில் அட்டையைப் போட்டுவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போவது போன்றது. முன்னது நம்பகமானது, பின்னது விரைவானது. வங்கிப் பரிவர்த்தனைக்கு முன்னது வேண்டும். நேரலைப் பேச்சுக்குப் பின்னது போதும்.

கடலில் இந்த வேறுபாடு எவ்வளவு முக்கியமானது என்பதைக் காசிமேட்டுப் படகுகளைக் கொண்டு விளங்கிக்கொள்ளலாம். விசைப்படகுகளில் இருக்கும் விஎச்எஃப் கருவியில் ஒருவர் பேசினால், அதே அலைவரிசையைக் கேட்கும் எல்லாப் படகுகளுக்கும் அது கேட்கும். 16ஆம் அலைவரிசை உலகெங்கும் ஆபத்து அழைப்புக்கு உரியது. 'ரோஜர்' என்று பதில் வந்தால் அதுவே ஒப்புகை. ஆனால், ஆன்டெனாவின் உயரத்தைப் பொறுத்து அதன் எட்டுகை சில பத்துக் கிலோமீட்டர்கள்தான். கைப்பேசிக் கோபுரத்தின் வீச்சும் அவ்வளவே. 2017 நவம்பர் இறுதியில் ஒக்கி புயல் உருவானபோது, பல நாள்களுக்கு முன்பே ஆழ்கடலுக்குப் போயிருந்த கன்னியாகுமரி மீனவர்களிடம் கரையில் வெளியான எச்சரிக்கை போய்ச் சேரவில்லை. தொலைவு வென்றது.

தொலைவைத் தாண்டச் செயற்கைக்கோள் வேண்டும். அங்கும் திசை ஒரு பிரச்சினையாக இருந்தது. 2010 முதல் பயன்பாட்டிலுள்ள இஸ்ரோவின் ஆபத்து அறிவிப்புக் கருவியில் மீனவர் பொத்தானை அழுத்தினால், செயற்கைக்கோள் வழியாகக் கட்டுப்பாட்டு மையத்துக்கும், அங்கிருந்து கடலோரக் காவல் படைக்கும் தகவல் போகும். ஆனால், கிடைத்துவிட்டது என்ற பதில் படகுக்கு வராது. மாறாக, 2019இல் அறிமுகமான ஜெமினி கருவி கரையிலிருந்து வரும் எச்சரிக்கையைத் தரும். படகிலிருந்து எதையும் சொல்ல முடியாது. ஒன்றுக்கு வாய் மட்டும். மற்றொன்றுக்குக் காது மட்டும். 2024 ஜனவரியில் இஸ்ரோ அறிவித்த இரண்டாம் தலைமுறை ஆபத்துக் கருவி, நாவிக் செயற்கைக்கோள்கள் வழியாக ஒப்புகையைத் திருப்பி அனுப்புகிறது. இருவழித் தொடர்பு தரும் டிரான்ஸ்பாண்டர்களை ஒரு லட்சம் படகுகளில் பொருத்தும் 364 கோடி ரூபாய்த் திட்டமும் அதே ஆண்டு ஆகஸ்டில் தொடங்கப்பட்டது. கவிழும் படகில் பொத்தானை அழுத்திவிட்டுக் காத்திருப்பவருக்கு, 'கேட்டுவிட்டோம்' என்ற ஒரு சொல் எவ்வளவு பெரிய பிடிமானம் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

யாருடைய வழி?

'எல்லோரிடமும் வாட்ஸ்அப் இருக்கிறதே, குழுவில் போட்டால் போதாதா?' என்ற கேள்வி எழும். நடைமுறையில் இன்று குப்பங்களிலும் அரசு அலுவலகங்களிலும் நடப்பது அதுதான். அதன் பயனை நான் மறுக்கவில்லை. ஆனால், மின்னஞ்சலுக்கும் வாட்ஸ்அப்புக்கும் உள்ள அடிப்படை வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். மின்னஞ்சலின் நெறிமுறை 1982இல் பொதுவில் வெளியிடப்பட்டது. எந்த நிறுவனத்தின் முகவரியிலிருந்தும் வேறெந்த நிறுவனத்தின் முகவரிக்கும் எழுதலாம். வாட்ஸ்அப் தொடக்கத்தில் எக்ஸ்எம்பிபி என்ற திறந்த நெறிமுறையை மாற்றியமைத்தே உருவானது. ஆனால், நீண்ட காலம் வெளியாருக்குக் கதவைத் திறக்கவில்லை. பயனர் பெருகப் பெருக அதை விட்டு விலகுவது கடினமாகிறது. பொருளியலில் இதை வலைப்பின்னல் விளைவு என்கிறோம்.

2021 அக்டோபர் 4 அன்று ஃபேஸ்புக் நிறுவனத்தின் இணைய வழிகாட்டுத் தகவல்கள் தவறுதலாக நீங்கியதால், உலகெங்கும் சுமார் ஆறு மணி நேரம் வாட்ஸ்அப் முடங்கியது. ஒரு நிறுவனத்தின் தவறு கோடிக்கணக்கானோரின் மௌனமாயிற்று. ஐரோப்பிய ஒன்றியம் பெரிய செயலிகள் பிற செயலிகளுடன் இணைந்து செயல்பட வேண்டும் எனச் சட்டமியற்றியிருக்கிறது. உறவினருடன் பேசுவதற்குத் தனியார் வழி போதும். உயிர்காக்கும் எச்சரிக்கை பொதுப் பண்டம். ஒருவர் கேட்பதால் மற்றவருக்குக் குறைவதில்லை, கட்டணம் செலுத்தாதவரை விலக்கவும் கூடாது. தெருவிளக்கைப் போல அதன் பொறுப்பு அரசுடையது.

பொத்தானை அழுத்துவது யார்?

திறந்த நெறிமுறை ஒன்று ஏற்கெனவே இருக்கிறது. 2004இல் தரப்படுத்தப்பட்ட பொது எச்சரிக்கை நெறிமுறை, எந்த ஆபத்தையும் ஒரே படிவத்தில் எழுதச் சொல்கிறது: என்ன நிகழ்வு, எவ்வளவு அவசரம், எவ்வளவு கடுமை, எந்தப் பகுதி, மக்கள் என்ன செய்ய வேண்டும். ஒருமுறை எழுதினால் அதுவே குறுஞ்செய்தி, செல் பிராட்காஸ்ட், வானொலி, தொலைக்காட்சி என எல்லா வழிகளிலும் போகும். தேசியப் பேரிடர் மேலாண்மை ஆணையத்தின் 'சசேத்' அமைப்பு இதன்மீதே இயங்குகிறது.

ஆனால், வானிலைத் துறை புயலைப் பற்றி எச்சரிப்பதால் அதற்கு இழப்பு ஏதும் இல்லை. ஆலையின் நிலை வேறு. கசிவை அறிவித்தால் உற்பத்தி நிற்கும், விசாரணை வரும், இழப்பீடு கேட்பார்கள். அறிவிக்கத் தாமதித்தால் அதன் விலையைக் கொடுப்பது மதிலுக்கு வெளியே இருப்பவர். பொருளியல் பாடநூல்கள் புறவிளைவு என்று குறிப்பிடுவது இதைத்தான். முதல் செய்தியைச் சொல்லும் பொறுப்பு, அதைச் சொல்லாமலிருப்பதில் நலன் உள்ளவரிடம் இருக்கிறது. 2017 ஜனவரி 28 அதிகாலையில் எண்ணூர் அருகே இரு கப்பல்கள் மோதிக்கொண்டபோது, துறைமுகத்தின் முதல் அறிக்கை எண்ணெய் மாசு இல்லை என்றது. பிறகு கரையெங்கும் படிந்த எண்ணெயை மக்கள் வாளிகளில் அள்ளியதை நாடே பார்த்தது.

போபால் பேரழிவுக்குப் பின் வந்த 1989ஆம் ஆண்டின் அபாயகர ரசாயன விதிகள், ஆலைக்குள் செயல்படுத்த வேண்டிய அவசரத் திட்டத்தை நிர்வாகத்திடமும், வெளியே செயல்படுத்த வேண்டியதை மாவட்ட நிர்வாகத்திடமும் ஒப்படைக்கின்றன. விபத்து நேர்ந்தால் என்ன செய்ய வேண்டும் என்பதைச் சுற்றியுள்ள மக்களுக்கு முன்கூட்டியே தெரிவிக்க வேண்டும் என்றும் அவை சொல்கின்றன. அம்மோனியா கசிந்தால் ஈரத்துணியால் மூக்கை மூடிக்கொண்டு, காற்றின் திசைக்குக் குறுக்காக விலக வேண்டும். இதை அறியாதவர் காற்று வீசும் பக்கமே ஓடி நச்சுக்காற்றுடன் பயணம் செய்யக்கூடும். கூண்டின் எண்களைப் போல, முன்கூட்டியே பொருள் தெரியாத செய்தி வெறும் சத்தமே.

எனவே, மணலி முதல் எண்ணூர் வரையிலான ஆலைகளின் மதில்களில் வாயு உணரிகள் பொருத்தப்பட்டு, வரம்பு மீறினால் யாருடைய அனுமதிக்கும் காத்திராமல் பொது எச்சரிக்கை நெறிமுறையில் செய்தி உருவாகி, அப்பகுதிக் கோபுரங்கள் வழியாக ஒலிபரப்பாக வேண்டும். சில வேளை பொய் எச்சரிக்கை வரலாம். ஒரு நள்ளிரவு விழிப்பின் செலவையும் ஒரு மருத்துவமனைப் படுக்கையின் செலவையும் ஒப்பிட்டால் எது மலிவு என்பது தெளிவு.

கைப்பேசி மட்டும் போதாது. மிக்ஜாம் புயலின்போது மின்சாரம் போய், பல பகுதிகளில் கைப்பேசித் தொடர்பும் அறுந்தது. கோபுரம் அணைந்தால் மேலே உள்ள எல்லா நெறிமுறைகளும் அணைந்துவிடும். 2004 டிசம்பர் 26 அன்று புதுச்சேரி அருகே நல்லவாடு மீனவக் கிராமத்தைக் காத்தது, சிங்கப்பூரிலிருந்து வந்த ஒரு தொலைபேசி அழைப்பும், கிராமத் தகவல் மையத்தின் ஒலிபெருக்கியும். ஓர் எண்ணுக்கு வந்த செய்தியை ஓர் இடத்துக்கான செய்தியாக மாற்ற அங்கே ஒரு கருவியும், அதைக் கையாளத் தெரிந்த மனிதர்களும் இருந்தார்கள். ஒவ்வொரு குப்பத்திலும் மின்கலத்தில் இயங்கும் சங்கும் ஒலிபெருக்கியும், ஆண்டுக்கு இருமுறையேனும் ஒத்திகையும் வேண்டும்.

புயல் கூண்டுகளில் பத்தாம் எண்ணைவிட என்னை அதிகம் சிந்திக்க வைப்பது பதினொன்றாம் எண். வானிலை மையத்துடனான தொடர்பே அறுந்துவிட்டது, மோசமான வானிலைக்கு ஆயத்தமாக இருங்கள் என்பது அதன் பொருள். தான் தோற்கும் நிலைக்கும் ஓர் எண்ணை ஒதுக்கி வைத்தார்கள் அந்த நெறிமுறையை வகுத்தவர்கள். வட சென்னைக்கென நாம் வகுக்கும் எச்சரிக்கை முறையிலும் அந்தப் பதினொன்றாம் எண்ணுக்கு இடம் இருக்க வேண்டும்.