காசு வாங்காத(!) டாக்டர்

அரியர் வைத்திருப்பவர்கள் முதலில் கேளுங்கள். கிரிக்கெட் மேதை டபிள்யூ.ஜி. கிரேஸ் 1868-ல் பிரிஸ்டலில் மருத்துவம் படிக்கச் சேர்ந்தார். டாக்டர் ஆனது 1879-ல்! நடுவில் ஆட்டமோ ஆட்டம்.

அன்றைய இங்கிலாந்தில் ஆட்டக்காரர்கள் இரண்டு சாதி மாதிரி. கூலிக்கு ஆடினால் 'பிளேயர்'. சம்பளமில்லாமல் ஆடும் அமெச்சூர் 'ஜென்டில்மேன்'. உடை மாற்றும் அறைகூட தனித்தனி. நம்ம கிரேஸ் ஜென்டில்மேன். ஆனால் 1873-74 ஆஸ்திரேலியப் பயணத்துக்கு அவர் வாங்கியது 1,500 பவுண்டு; செலவு தனி. பிளேயர்களுக்குத் தலைக்கு 170 பவுண்டு, கப்பலில் இரண்டாம் வகுப்பு.

திறமையில் குறையே சொல்ல முடியாது. 1895-ல், 46 வயசில், மே மாதம் ஒன்றிலேயே ஆயிரம் ரன் குவித்தார். நூறாவது சதமும் அதே மாதம்தான். அப்படிப்பட்டவருக்குக் காசு கொடுத்தது தப்பா? இல்லை. வாங்கியும் வாங்காதவர் என்ற பேர்தான் உறுத்துகிறது.

ஒருமுறை டோர்னமெண்டில் பஸ் காசு கேட்டதற்கு என்னை ஒருத்தர் 'கூலி ஆட்டக்காரன்' என்றார். அன்று தலைகுனிந்தேன். இங்கிலாந்தே 1962-ல் இந்தப் பாகுபாட்டை ஒழித்துவிட்டதாம். இனி நான் ஏன் குனியணும்? உழைப்புக்குக் கூலி கேட்பது கேவலமில்லை, நண்பர்களே!