டானிபுரூக்: ஒரு சந்தை சண்டையான கதை

கனடாவின் ஐஸ் ஹாக்கிச் செய்திகளைப் படிப்பவர்களுக்கு எப்போதாவது ஒரு விநோதமான சொல் எதிர்ப்படும்: டானிபுரூக். ஆட்டத்தின் நடுவே இரண்டு பேர் மோதிக்கொள்கிறார்கள். விலக்கப் போனவருக்கு ஒரு குத்து விழுகிறது. அவருக்காக இன்னொருவர் கையுறையைக் கழற்றி வீசிவிட்டு இறங்குகிறார். சற்று நேரத்தில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தவர்கள்கூடப் பனித்தரையில் உருண்டுகொண்டிருக்கிறார்கள். மறுநாள் நாளிதழ் இத்தனையையும் அந்த ஒரே சொல்லில் சொல்லிவிடும். ஆங்கிலம் நன்றாகத் தெரிந்தவர்களும் இந்த இடத்தில் அகராதியைப் புரட்டுவார்கள். சின்ன அகராதியாக இருந்தால் 'பெரிய சண்டை' என்று சொல்லி நம்மை அனுப்பிவிடும். நாம் அவசரப்படாமல், கையில் இருக்கும் டீ ஆறுவதற்குள், அந்தச் சொல்லின் சொந்த ஊர் வரை போய்வருவோம்.

சொந்த ஊர் என்று சொன்னது நிஜமாகவே ஊரைத்தான். அயர்லாந்தின் தலைநகரான டப்ளினின் தென்பகுதியில், டாடர் ஆற்றை ஒட்டி டானிபுரூக் என்ற பகுதி இருக்கிறது. 'புரூக்' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு ஓடை என்று பொருள். பக்கத்தில் ஆறும் ஓடுகிறது. அதனால் பலர் இதை ஏதோ ஓடையின் பெயர் என்று நினைத்துவிடுகிறார்கள். ஐரிஷ் மொழியில் இதன் பழைய பெயருக்குப் பொருள் 'புரோக்கின் தேவாலயம்'. புரோக் என்பவர் ஒரு துறவி. ஒரு புனிதரின் பெயரைச் சுமக்கும் ஊர், அடிதடிக்குப் பெயராகிப் போனது எப்படி?

ஊர்ப்பெயர் பொதுப்பெயராவது நமக்கு ஒன்றும் புதிதல்ல. 'மெட்ராஸ்' என்றால் நமக்கு நகரம். ஆங்கிலத்தில் அதையே சின்ன எழுத்தில் தொடங்கி எழுதினால் கட்டம் போட்ட ஒருவகைப் பருத்தித் துணி. கோழிக்கோடு 'காலிகோ' துணியானதும் இப்படித்தான். ஓர் ஊரில் எது பேர்போனதாக இருக்கிறதோ அதற்கே ஊரின் பெயரை வைத்துவிடுவது மக்களின் பழக்கம். தமிழில் பெரிய எழுத்து, சின்ன எழுத்து என்ற பிரிவு கிடையாது என்பதால் இந்த மாற்றம் நம் கண்ணில் படாது. ஆங்கிலத்தில் பெரிய எழுத்தோடு வந்தால் டப்ளினின் ஒரு பகுதி, சின்ன எழுத்தோடு வந்தால் சண்டை. 1850களிலேயே அச்சில் இந்தச் சின்ன எழுத்து வந்துவிட்டது.

டானிபுரூக் பேர்போனது அதன் சந்தையால். 1204ஆம் ஆண்டு இங்கிலாந்து மன்னர் ஜான், அங்கே ஆண்டுதோறும் எட்டு நாள் சந்தை நடத்த டப்ளின் நகரத்தாருக்கு உரிமை கொடுத்தார். டப்ளின் கோட்டையைக் கட்டச் சொல்லி அவர் ஆணையிட்டதும் அதே ஆண்டில்தான். பிற்காலத்தில் சந்தை பதினைந்து நாளாக நீண்டது. ஆகஸ்ட் மாதக் கடைசியில் கூடுவது வழக்கமானது. குதிரை, மாடு, விளைபொருள் என்று வாங்கல் விற்றல் நடக்கும் சந்தையாகத்தான் அது தொடங்கியது. தரகரும் வியாபாரியும் மாடு பிடிக்க வந்த குடியானவரும் கூடுகிற இடம்.

ஆட்கள் கூடுகிற இடத்துக்குச் சாப்பாட்டுக் கடை வரும், கூத்து வரும், சாராயமும் வரும். நூற்றாண்டுகள் போகப் போக மாட்டு வியாபாரம் ஒரு மூலைக்குப் போய், கொண்டாட்டம் நடுவுக்கு வந்துவிட்டது. பதினெட்டாம் நூற்றாண்டில் டானிபுரூக் சந்தை என்றால் கூடாரம், பிடில் இசை, நடனம், பொம்மலாட்டம், விஸ்கி என்றுதான் ஊருக்குத் தெரியும். வளைத்த கொம்புகளின் மேல் பழைய போர்வைகளைப் போர்த்தினால் கூடாரம் தயார். உள்ளே இரவெல்லாம் குடி.

குடிக்குப் பின்னால் கம்பு. அன்றைய ஐரிஷ் நாட்டுப்புறத்தார் நடக்கும்போது கையில் ஒரு தடி வைத்திருப்பார்கள். முட்செடியின் கட்டையிலோ ஓக் மரத்திலோ செய்து, தலைப்பக்கம் குமிழ் விட்ட தடி. ஷில்லேலா என்று அதற்குப் பெயர். அதுவும் விக்லோ மாவட்டத்தில் உள்ள ஓர் ஊரின் பெயர்தான். கூட்டத்தில் ஒருவர் காலை இன்னொருவர் மிதித்தால் போதும், தடிகள் மேலே எழும்பும். சட்டையின் பின்வாலைத் தரையில் இழுத்துக்கொண்டே நடந்து, மிதிப்பவர் யார் என்று சண்டைக்குத் தேடிப் போவார்களாம். எந்தத் தலை கண்ணில் பட்டாலும் ஒரு போடு போடு என்பதே சந்தையின் சட்டம் என்றுகூடச் சொல்வார்கள். இவற்றில் பாதி கேலிக்காகச் சேர்ந்த கதை. ஆனால் சொல்லின் உட்பொருள் இந்தக் கதைகளுக்குள்தான் இருக்கிறது; கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்வோம்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் காற்று மாறியது. 1838இல் கார்க் நகரில் பாதிரியார் தியோபால்டு மேத்யூ தொடங்கிய மதுவிலக்கு இயக்கத்தில் லட்சக்கணக்கானோர் குடிப்பதில்லை என்று உறுதிமொழி எடுத்தார்கள். 1845இல் உருளைக்கிழங்குப் பயிர் அழுகத் தொடங்கிப் பெரும் பஞ்சம் வந்தது. கொண்டாட்டங்களின் மேல் ஊர்ப் பெரியவர்களின் பொறுமையும் தீர்ந்திருந்தது. சந்தை நடத்தும் உரிமை அப்போது ஒரு தனியார் குடும்பத்தின் கையில் இருந்தது. அரச பட்டயம் என்பதால் எளிதில் ரத்து செய்ய முடியவில்லை. டப்ளின் நகரத்தார் குழு அமைத்து நன்கொடை திரட்டி, 3,000 பவுண்டு கொடுத்து 1855இல் அந்த உரிமையை விலைக்கு வாங்கினார்கள். வாங்கியது நடத்துவதற்காக அல்ல, மூடுவதற்காக. 1866இல் அங்கே ஒரு தேவாலயமும் எழுந்தது, சந்தையின் பாவங்களுக்குப் பரிகாரமாக.

சந்தை போனது, பெயர் தங்கிவிட்டது. கப்பலேறிய ஐரிஷ் மக்கள் குடியேறிய நாடுகளான அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா ஆகியவற்றில்தான் இன்றும் இந்தச் சொல் கூடுதலாகக் கண்ணில் படுகிறது. 1961இல் நியூயார்க்கின் பிராட்வேயில் இதே பெயரில் ஓர் இசை நாடகம்கூட மேடையேறியது. உச்சக்கட்டத்தில் நெடுநேரக் குத்துச்சண்டை ஒன்றைக் கொண்ட 'தி கொயட் மேன்' என்ற 1952ஆம் ஆண்டுத் திரைப்படத்தின் கதையைத் தழுவியது அது.

இனி, எல்லோரும் தடுக்கி விழும் இடத்துக்கு வருவோம். டானிபுரூக் என்றால் மிகப் பெரிய சண்டை, ரத்தம் தெறிக்கும் சண்டை என்றுதான் பொதுவாக நினைக்கிறார்கள். சண்டை, பெரிய சண்டை, அதற்கும் மேல் டானிபுரூக் என்று படிக்கட்டு போல அடுக்கிக்கொள்கிறார்கள். அந்த அடுக்கில் இந்தச் சொல்லுக்கு இடமில்லை. சண்டையின் அளவை இது சொல்வதில்லை. அதன் ஒழுங்கின்மையைச் சொல்கிறது. எத்தனை பேர் விழுந்தார்கள் என்ற கணக்கு இதற்குத் தேவையில்லை. யார் யாரை அடிக்கிறார்கள் என்று வேடிக்கை பார்ப்பவருக்குத் தெரியாமல் போகிறதா என்பதே கேள்வி.

கபடியை எடுத்துக்கொள்வோம். நடுக்கோடு இருக்கும்வரை அந்தப் பக்கம் அவர்கள், இந்தப் பக்கம் நாம். எவ்வளவு முரட்டுத்தனமாகப் பிடித்தாலும் அது ஆட்டம்தான். திடீரென்று கோடு அழிந்துவிடுகிறது, இரு அணியும் ஒரே நிறச் சட்டை போட்டிருக்கிறது, பார்க்க வந்தவர்களும் உள்ளே இறங்கிவிட்டார்கள் என்று வையுங்கள். பிடித்தது யார் காலை என்று பிடித்தவருக்கே தெரியாது. அந்தக் கணம்தான் டானிபுரூக்.

அதே நாட்டு வரலாற்றிலிருந்தே ஒரு மாற்று உதாரணம் பார்த்தால் இது இன்னும் தெளியும். 1834 ஜூன் மாதம் கெர்ரி மாவட்டத்தின் பாலியே கடற்கரையில் இரண்டு கூட்டத்தார் மோதினார்கள். அவர்களுக்குள் பகை பல காலமாகப் புகைந்துகொண்டிருந்தது. தோற்ற கூட்டம் ஆற்றுக்குள் விரட்டப்பட்டது. இருபது பேர் அளவில் மடிந்தார்கள். கூட்டத்தின் அளவாலும் கொடுமையாலும் பெரிய சண்டை. இருந்தும் அதை டானிபுரூக் என்று சொன்னால் பிழை. அங்கே அணி இருந்தது, பகை இருந்தது, திட்டம் இருந்தது, கடைசியில் பிணங்கள் இருந்தன. டானிபுரூக்குக்கு இவற்றில் எதுவும் ஆகாது.

சட்டப் புத்தகத்தின் சொற்களோடும் இதைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம், பொது இடத்தில் இரண்டு பேரோ அதற்கு மேற்பட்டவர்களோ சண்டையிட்டு அமைதியைக் கெடுத்தால் அதற்கு 'அஃப்ரே' என்று பெயர் சொன்னது. ஐந்து பேரோ அதற்கு மேலோ சட்டவிரோதமாகக் கூடி, பொது நோக்கம் ஒன்றுக்காக வன்முறையில் இறங்கினால் அது கலகம். 2024 ஜூலையில் அந்தச் சட்டத்தின் இடத்துக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவிலும் இந்த இரண்டும் உண்டு. தலைகளை எண்ணி, நோக்கத்தைப் பார்த்துப் பெயர் வைப்பது சட்டத்தின் வேலை. டானிபுரூக்கில் தலைகளை எண்ண முடியாது. பொது நோக்கம் என்று ஒன்று இருக்கவும் இருக்காது.

தமிழில் இதற்கு நெருங்கிய உறவு 'கைகலப்பு'. பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்குப் போன 'மெலே' என்ற சொல்லும் கலத்தல் என்ற வினையிலிருந்தே பிறந்தது என்பது ஓர் அழகான ஒற்றுமை. ஆனால் கைகலப்புக்கு இரண்டு பேர் போதும். டானிபுரூக்குக்குக் கூட்டம் வேண்டும், சத்தம் வேண்டும். தள்ளுமுள்ளு, அடிதடி, ரகளை மூன்றையும் கலந்து, மேலே கொஞ்சம் சிரிப்பைத் தூவினால் ஏறத்தாழ வந்துவிடும்.

சிரிப்பு என்று சொன்னதை விளையாட்டாக எடுத்துக்கொள்ள வேண்டாம். சட்டை வாலை இழுத்துக்கொண்டு போன கதையை நினைவில் வைத்துக்கொண்டது இதற்காகத்தான். அந்தச் சந்தையில் பகைக்காகச் சண்டை வந்ததைவிடச் சண்டையின் ருசிக்காகச் சண்டை வந்தது என்று உலகம் நம்பியது. அந்த நம்பிக்கை சொல்லோடு ஒட்டிக்கொண்டது. அதனால் எழுதுகிறவர் இந்தச் சொல்லைக் கையில் எடுக்கும்போதே உதட்டோரம் ஒரு புன்னகை இருக்கிறது என்று வாசகர் புரிந்துகொள்வார். சாதிக் கலவரத்தையோ மதக் கலவரத்தையோ போரையோ இப்படி அழைத்தால், இழவு வீட்டில் நகைச்சுவை சொன்னவர்போல் நிற்க வேண்டியிருக்கும்.

இன்னொரு பொருளும் இதற்கு உண்டு; இன்று செய்திகளில் அதிகம் வருவது அதுவாகவே இருக்கும். ஒரு கைகூட ஓங்கப்படாமல், வாயால் மட்டுமே நடக்கும் பொதுச் சண்டையும் டானிபுரூக்தான். நகராட்சிக் கூட்டத்தில் வரி பற்றிப் பேச்சு எழுந்து ஆளாளுக்குக் கத்துவது, கட்சிக்குள் பதவிக்கு ஆறு பேர் முட்டிக்கொள்வது, சொத்துப் பங்கீட்டுக்கு உட்கார்ந்த குடும்பம் பழைய கல்யாணத்துச் சாப்பாடு வரை இழுப்பது எல்லாம் இதற்குள் அடங்கும். நம் செய்தித்தாள்கள் 'சட்டசபையில் அமளி' என்று தலைப்புப் போடுமே, அந்த 'அமளி' இந்த இரண்டாம் பொருளுக்குக் கச்சிதமான தமிழ்.

எழுதும்போது கவனிக்க வேண்டிய இலக்கணம் குறைவுதான். இது பெயர்ச்சொல், 'ஒரு டானிபுரூக்' என்று எண்ணிச் சொல்லலாம், பன்மையும் உண்டு. வினையாக்க முடியாது. பெரும்பாலும் அது 'வெடிக்கும்' அல்லது 'மூளும்'. முன்கூட்டியே அறிவித்து நடத்தப்படாது. இரண்டு பேர் மட்டும் மோதினால் அங்கே இந்தச் சொல் பொருந்தாது. சந்தேகம் வந்தால் நாம் மூன்று கேள்வி கேட்டுக்கொள்ளலாம். இரண்டு பேருக்கு மேல் உள்ளே இருக்கிறார்களா? அணி எது என்று தெரியாதபடி கலந்துவிட்டார்களா? அடுத்த வாரம் அவர்களே இதைச் சொல்லிச் சிரிக்க முடியுமா? மூன்றுக்கும் ஆம் என்றால் தாராளமாக எழுதலாம்.

கடைசிப் படி ஒன்று இருக்கிறது: இந்தச் சொல் யாரைச் சுடும் என்பது. ஐரிஷ்காரர் என்றால் குடிகாரர், சண்டைக்காரர் என்று இங்கிலாந்தின் மேட்டுக்குடி பல காலம் கேலி பேசியது. டானிபுரூக் அந்தக் கேலிக்கு வசதியான படமாக இருந்தது. ஸ்காட்லாந்து ஓவியர் எர்ஸ்கின் நிக்கல் டானிபுரூக் சந்தையை வரைந்த ஆண்டு 1859. சந்தை மூடி நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. நடப்பதை நிறுத்திய பிறகும் அதைப் பார்த்துக்கொண்டே இருக்க ஆசைப்பட்டவர்கள் இருந்தார்கள் என்பதற்கு அது ஒரு சாட்சி. இன்று இந்தச் சொல்லின் காரம் பெரிதும் குறைந்துவிட்டது. ஆனாலும் ஐரிஷ்காரர்களின் சச்சரவைக் குறிக்க இதைத் தேர்ந்தெடுக்கும்போது மட்டும் ஒரு முறை யோசிப்பது மரியாதை.

ஊரின் நிலையையும் சொல்லிவிட வேண்டும். இன்றைய டானிபுரூக் டப்ளினின் வசதியான, அமைதியான குடியிருப்புப் பகுதிகளில் ஒன்று. அயர்லாந்தின் பொது ஒலிபரப்பு நிறுவனமான ஆர்டிஈயின் தலைமையகம் அங்கேதான். ரக்பி மைதானமும் உண்டு. அங்கே சண்டை நடந்தால் நடுவர் விசில் ஊதுவார். 651 ஆண்டு நடந்த சந்தையில் கைமாறிய மாடுகளையும் குதிரைகளையும் ஆங்கிலம் மறந்துவிட்டது. கடைசிக் காலத்துக் கம்பு வீச்சை மட்டும் அகராதியில் ஏற்றிவைத்தது. ஆகவே அடுத்த முறை இந்தச் சொல்லைப் பார்த்தால் 'பெரிய சண்டை' என்று வாசிக்காதீர்கள். 'கோடு அழிந்த சண்டை' என்று வாசியுங்கள். சொன்னவரின் குரலில் இருந்த சிரிப்பும் சேர்ந்து காதில் விழும்.