இறக்கை இருந்தும் தரையில்

கோழிக்கறி வெட்டும்போது நெஞ்சுப் பகுதியின் நடுவே புடைத்து நிற்கும் ஓர் எலும்பு கத்தியில் தட்டுப்படும். படகின் அடியில் ஓடும் ஏரா மரத்தைப் போன்ற அந்த மேட்டில்தான், இறக்கையை அடிக்கும் தசைகள் பற்றிக்கொண்டிருக்கின்றன. வண்டலூர் அறிஞர் அண்ணா உயிரியல் பூங்காவில் பார்க்கக் கிடைக்கும் நெருப்புக்கோழிக்கும் ஈமுவுக்கும் அது கிடையாது. அவற்றின் மார்பெலும்பு மேடில்லாமல் சட்டிபோல இருக்கும்.  பூங்காவுக்கு வருகிறவர்களின் கண் பறவையின் கழுத்துக்குத்தான் போகிறது. பார்க்க வேண்டியதோ கால். ஈமுவுக்கு மூன்று விரல், நெருப்புக்கோழிக்கு இரண்டே விரல். அந்த இரண்டை ஊன்றித்தான் அது மணிக்கு 70 கிலோமீட்டர் வேகம் வரை ஓடுகிறது.

நெருப்புக்கோழி அயல்நாட்டுப் பறவை என்பது இன்றைக்குச் சரி. 25,000 ஆண்டுகளுக்கு முன்பு அது இந்தியாவிலும் திரிந்தது. மகாராஷ்டிரத்தின் பட்னேயில், கற்கால மனிதர் கோடு கீறி அழகுபடுத்திய நெருப்புக்கோழி முட்டையோடு கிடைத்திருக்கிறது. இந்தியாவில் கிடைத்த இத்தகைய பழைய ஓடுகளின் மரபணுவை ஐதராபாத் சிசிஎம்பி ஆய்வகம் சோதித்து, ஆப்பிரிக்க நெருப்புக்கோழியோடு உள்ள உறவை 2017இல் உறுதி செய்தது. அது மறைந்த பிறகு, இந்நாட்டுக்கே உரிய பறக்காத பறவை என்று ஒன்று இல்லை.

காரணம் தரையில் இருக்கிறது. நரி, கீரி, காட்டுப்பூனை, பாம்பு என்று பலவும் உலவும் மண்ணில், உருவத்தாலோ ஓட்டத்தாலோ தப்ப முடியாத பறவைக்கு இறக்கை கட்டாயம். அவை இல்லாத தீவுகளில் கணக்கு மாறிவிடும். பறக்கும் தசைகளை வளர்த்துக் காப்பாற்றப் பெருந்தீனி வேண்டும். பயனில்லாத இடத்தில் அந்தச் செலவு தலைமுறை தலைமுறையாகக் குறைந்துவிடுகிறது. இதற்கு நல்ல சாட்சி பள்ளிக்கரணைச் சதுப்பில் இருக்கிறது. அங்கே கோரைக்கு நடுவில் செந்நிறக் காலோடு நடைபோடும் நீலத் தாழைக்கோழி, சோம்பலாகத்தான் என்றாலும் பறக்கும். அதே பேரினத்தைச் சேர்ந்த டகாஹே நியூசிலாந்தில் இருக்கிறது. அதே நீலம், அதே சிவந்த அலகு, ஆனால் உடம்பு பருத்துப் பறப்பதையே விட்டுவிட்டது. 1898க்குப் பிறகு அற்றுப்போனதாகக் கருதப்பட்ட அதை, 1948இல் ஜெஃப்ரி ஆர்பெல் என்ற மருத்துவர் மலைப் பள்ளத்தாக்கு ஒன்றில் மீண்டும் கண்டார்.

கிளிகளில் இப்படிப் பறப்பதை விட்டது ஒன்றே ஒன்று: அதே நியூசிலாந்தின் ககாபோ. மவோரி மொழியில் இரவுக் கிளி என்று பொருள். பாசி படிந்த பச்சை நிறமும், ஆந்தையைப் போன்ற முகமும், 4 கிலோவரை போகக்கூடிய எடையும் கொண்ட இது, உலகக் கிளிகளிலேயே கனமானது. மரத்தில் அலகாலும் நகத்தாலும் பற்றி ஏறும். இறங்கும்போது இறக்கையை விரித்து விழுவதைத் தணித்துக்கொள்ளும். இனப்பெருக்கக் காலத்தில் ஆண் தரையில் கிண்ணம்போலக் குழி பறித்து, அதில் உட்கார்ந்து, நெஞ்சை உப்பவைத்து, பறை அதிர்வது போன்ற ஒலியை இரவெல்லாம் எழுப்பும். அது சில கிலோமீட்டர் தூரம் கேட்கும். ரிமு மரம் நிறையக் காய்க்கும் ஆண்டில் மட்டுமே பெண் முட்டையிடும் என்பதால், பல ஆண்டுகளில் இந்த முழக்கத்துக்குப் பலனே இல்லை. ஆபத்து வந்தால் ககாபோ அசையாமல் நிற்கும். கண்ணால் வேட்டையாடும் கழுகுகளிடம் அந்த உத்தி பலித்தது. மனிதரோடு வந்திறங்கிய எலியும் பூனையும் கீரி போன்ற ஸ்டோட்டும் மோப்பத்தால் தேடுகிறவை. நின்ற இடத்திலேயே பிடித்துத் தின்றன. 1995இல் எஞ்சியவை 51. அந்த விலங்குகளை ஒழித்த சிறு தீவுகளில் வைத்துக் காத்ததில், 2022இல் 252 ஆயின.

ஆஸ்திரேலியாவின் தரைக்கிளியும் அந்நாட்டு இரவுக் கிளியும் தரையிலேயே வாழ்கிறவை; ஆனால் பறக்கும்.

வண்டலூரை அடுத்த தாம்பரம் பக்கம் பறக்காத கிளி ஒன்று உண்டென்றால் அது ஜோசியக்காரரின் கூண்டில்தான். கதவு திறந்ததும் நடந்து வந்து, அலகால் ஒரு சீட்டை எடுத்துப் போட்டு, ஒரு நெல்லைக் கொத்திக்கொண்டு, நடந்தே திரும்பும் செந்தார்ப் பைங்கிளி. அதன் அடக்கத்துக்குக் காரணம் பழக்கம் மட்டுமல்ல, வெட்டப்பட்ட இறகுகளும்தான். இறகு நகத்தைப் போல உயிரற்ற பொருள். உதிர்ந்து புதிது முளைக்கும், அதனால் திரும்பத் திரும்ப வெட்டுகிறார்கள். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி இக்கிளியைப் பிடிப்பதும் அடைத்து வைப்பதும் குற்றம். இயற்கையிலும் தற்காலிகமாகப் பறக்க முடியாமல் போவதுண்டு. வாத்துகள் பறக்கும் இறகுகள் அனைத்தையும் ஒரே சமயத்தில் உதிர்க்கும். புதியவை வளரும் வரை சில வாரங்கள் நாணலுக்குள் ஒளிந்திருப்பதைத் தவிர வேறு வழியில்லை.

இறக்கை முழுதாக இருந்தும் மண்ணை விடாத பறவைகள்தான் இவ்வட்டாரத்தின் சிறப்பு. புதர்க்காட்டில் இரைதேடும் கவுதாரி, மிதிபடும் தூரத்துக்கு ஆள் வந்த பிறகே படபடவென்று கிளம்பும். கொஞ்சம் தள்ளிப் போய் மறுபடி தரையிறங்கும். நன்மங்கலம் காப்புக்காட்டின் கைவிடப்பட்ட கல்குவாரிகளில் கொம்பன் ஆந்தை கூடு கட்டாமல் பாறைத் திட்டிலேயே முட்டையிடுகிறது. அதன் குஞ்சுகள் பறக்கப் பழகும் முன்பே நடந்து வெளியேறிவிடும்.

இவற்றில் எல்லாருக்கும் தெரிந்தது ஆள்காட்டி. வேடன் வருவதைக் கத்தி ஊருக்கே காட்டிக்கொடுப்பதால் வந்த பெயர். பிளாட் போட்டு விற்காமல் கிடக்கும் மனைகள் அதற்குப் போதும். சரளைக்கு நடுவே சிறு பள்ளம், அதில் கல்லோடு கல்லாகத் தெரியும் பெரும்பாலும் நான்கு முட்டைகள். யாராவது நெருங்கினால் அடைகாக்கும் பறவை ஓசையின்றி எழுந்து ஓடி, வேறோர் இடத்தில் நின்றுதான் கத்தத் தொடங்கும். கத்தும் இடத்தில் தேடுகிறவருக்கு ஒன்றும் கிடைக்காது. பொரிந்த குஞ்சுகள் விரைவிலேயே ஓடுகின்றன, எச்சரிக்கைக் குரல் கேட்டதும் ககாபோவைப் போலவே உறைந்து படுக்கின்றன. காக்கையிடமும் பருந்திடமும் அது பலிக்கும், தெருநாயிடம் பலிக்காது. வெயிலைச் சமாளிக்கவும் ஆள்காட்டிக்கு ஒரு வழி உண்டு. சித்திரை, வைகாசி நண்பகலில் அது அருகிலுள்ள குட்டைக்குப் போய் வயிற்று இறகுகளை நனைத்துவந்து, ஈரத்தோடு முட்டைகளின் மேல் உட்கார்ந்துகொள்ளும்.