7 உயிரைக் குடித்த ரப்பர் வளையம்! முதல் நாள் இரவே தடுத்தும் கேட்கவில்லை

1986 ஜனவரி 28. அமெரிக்காவின் கேப் கனவரல் ஏவுதளத்தில் ஐஸ் கட்டி தொங்கியது. அந்தக் குளிரிலும் "சேலஞ்சர்" விண்கலத்தைக் கிளப்பினார்கள். 73-வது வினாடியில் நடுவானில் சிதறியது. பள்ளிக்கூட ஆசிரியை கிறிஸ்டா மெக்காலிப் உள்பட 7 பேரும் பரிதாபமாகப் பலியானார்கள்.

காரணம்? பூஸ்டர் ராக்கெட் இணைப்பில் இருந்த ரப்பர் வளையம். நம் வீட்டு குக்கர் வளையம் மாதிரிதான். சுண்டுவிரல் தடிமன்கூட இல்லை. குளிரில் விறைத்துப்போக, இடுக்கு வழியே நெருப்பு பீறிட்டது.

முதல் நாள் இரவே, இந்தக் குளிரில் விடக்கூடாது என்று ராக்கெட் கம்பெனி என்ஜினீயர்கள் மன்றாடினார்கள். நாசா அதிகாரிகள் முகம் சுளிக்க, கம்பெனி மேலதிகாரிகள் தலையாட்டிவிட்டார்கள். பலமுறை தேதி தள்ளிப்போன எரிச்சல் வேறு!

விசாரணையில் விஞ்ஞானி பெய்ன்மேன், இடுக்கியில் கவ்விய வளையத் துண்டை ஐஸ் தண்ணீரில் போட்டு எடுத்தார். அமுங்கிய ரப்பர் உடனே நிமிரவில்லை. குட்டு உடைந்தது! ஒரு டம்ளர் தண்ணீரில் முடிகிற சோதனை, பாருங்கள்.

இணைப்பை மாற்றி, கூடுதலாக ஒரு வளையமும் வைத்த பிறகே, 1988 செப்டம்பரில் அடுத்த விண்கலம் பறந்தது.