விழுந்திட்டார் என்று மட்டும் சொல்லாதீர்கள்

மாலை மங்கும் நேரம். ஒரு விவசாயி நீர்ப்பம்பை மோட்டார் சைக்கிளின் பின்னால் கட்டிக்கொண்டு வயலிலிருந்து வீடு திரும்புகிறார். தார் வீதியின் சூட்டுக்குப் படுத்திருந்த மாடு திடீரென எழும்பிக் குறுக்கே வருகிறது. மாட்டோடு மோதி விழுந்தவருக்கு முழங்காலுக்குக் கீழே என்பு முறிந்துவிடுகிறது. யாரோ ஓட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறார்கள். “என்ன நடந்தது?” என்று வைத்தியர் கேட்கிறார். கூட வந்தவர் சொல்வது ஒரே வார்த்தைதான்: “விழுந்திட்டார்.”

மாட்டைப் பற்றி அவர் வாய் திறப்பதில்லை. அது அயலவருடைய மாடு. இருக்க இடம் தந்தவருடைய மாடாகவும் இருக்கலாம். வந்து குடியேறிய ஊரில் ஏன் வீண் சண்டை என்ற எண்ணம். மோட்டார் சைக்கிள் என்று சொன்னால் பொலிஸ் வரும், லைசன்ஸ் கேட்பார்கள் என்ற பயம் வேறு. இது எமக்கெல்லாம் விளங்கக்கூடிய பயம்தான். ஆனால் அந்த ஒரு வார்த்தைக்குப் பிறகு என்ன நடக்கிறது என்பது பலருக்குத் தெரியாது.

விடுதியில் நோயாளியின் கட்டிலோடு இருக்கும் ரிக்கற்றில் வைத்தியர் எழுதுவதைப் பின்னர் பதிவேட்டுப் பகுதியினர் வாசித்து, எழுத்தும் இலக்கமும் சேர்ந்த குறிகளாக மாற்றுகிறார்கள். இந்தக் குறிகள் உலகம் முழுவதற்கும் பொதுவானவை. 1893இல் பிரான்ஸ் நாட்டுப் புள்ளிவிபர அறிஞர் ஜாக் பெர்த்தியோன் மரண காரணங்களுக்கு ஒரு பட்டியல் தயாரித்தார். அதிலிருந்து வளர்ந்த முறையை 1948 முதல் உலக சுகாதார நிறுவனம் நடத்திவருகிறது. பத்தாவது திருத்தம் 1990இல் ஏற்றுக்கொள்ளப்பட்டது. பதினோராவது 2022 ஜனவரி 1இல் நடைமுறைக்கு வந்தபோதும், இங்கே நாம் சொல்லும் குறிகள் பத்தாவதில் உள்ளவை.

காயப்பட்ட ஒருவருக்கு இரண்டு குறிகள் தேவை. உடம்பில் என்ன நேர்ந்தது என்பதற்கு ஒன்று, அது எப்படி நேர்ந்தது என்பதற்கு மற்றொன்று. கீழ்க்கால் முறிவு ‘எஸ் 82’. காறை என்பு முறிந்தால் ‘எஸ் 42.0’, மண்டைக்குள் ஏற்பட்ட காயம் ‘எஸ் 06’. இவற்றைப் பரிசோதனையும் எக்ஸ்ரேயும் காட்டிக்கொடுத்துவிடும். இரண்டாவது குறியை எந்த எக்ஸ்ரேயும் காட்டாது. அது நோயாளியின் வாயிலிருந்தோ கூட வந்தவரின் வாயிலிருந்தோதான் வரவேண்டும்.

மோட்டார் சைக்கிளில் சென்றவருக்கு ‘வி 20’ முதல் ‘வி 29’ வரை குறிகள் உண்டு. ஆளோடு அல்லது மிருகத்தோடு மோதினால் 20, துவிச்சக்கர வண்டியோடு மோதினால் 21, கார் அல்லது வானோடு 23, லொறி அல்லது பஸ்ஸோடு 24. மாட்டு வண்டி 26இல் அடங்கும். மரம், மதில் போன்ற அசையாதவற்றில் மோதினால் 27. எதிலும் மோதாமல் சறுக்கி விழுந்தால் 28. அதற்குப் பின்வரும் இலக்கம், காயப்பட்டவர் ஓட்டியவரா பின்னால் இருந்தவரா, விபத்து பொது வீதியிலா வேறிடத்திலா என்று பிரிக்கிறது. வீதியில் மாட்டோடு மோதிய எமது விவசாயிக்கு உரியது ‘வி 20.4’. சேலைத் தலைப்பு சில்லுக்குள் சிக்கி, பின்னால் இருந்து வீதியில் விழுந்த பெண்ணுக்கு ‘வி 28.5’. தோட்டத்துக்குள்ளேயே ஓட்டிப்போய்ச் சறுக்கினால் ‘வி 28.0’.

“விழுந்திட்டார்” என்று மட்டும் எழுதப்பட்டால்? அது ‘டபிள்யூ 19’, எப்படி என்று தெரியாத வீழ்ச்சி. மரத்திலிருந்து விழுந்தவருக்குக்கூட ‘டபிள்யூ 14’ என்று தனிக் குறி இருக்கிறது. இவருக்கு அதுவும் இல்லை. மோட்டார் சைக்கிளும் மாடும் வீதியும் கணக்கிலிருந்து மறைந்துவிடும். “வீதி விபத்து” என்று மட்டும் சொன்னாலும் பெரிய வித்தியாசமில்லை. அது இன்ன வாகனமென்று தெரியாத மோட்டார் வாகன விபத்தாக ‘வி 89.2’இல் போய்ச் சேரும்.

அமெரிக்காவில் ஆஸ்பத்திரிகள் காப்புறுதிக் கம்பனிகளிடம் பணம் பெறுவதே இப்படியான குறிகளை வைத்துத்தான். இங்கே அரசாங்க ஆஸ்பத்திரியில் சிகிச்சை இலவசம். குறி பிழைத்தாலும் மருந்து குறையாது. ஆனால் விடுதியில் தங்கிச் சிகிச்சை பெற்றவர்களின் விபரங்கள் தொகுக்கப்பட்டுச் சுகாதார அமைச்சுக்குப் போகின்றன. இலங்கையில் மக்கள் ஆஸ்பத்திரி விடுதிகளில் அனுமதிக்கப்படும் காரணங்களில் பல ஆண்டுகளாக முதலிடத்தில் நிற்பவை காயங்களே. அந்தக் காயங்களில் எத்தனை மோட்டார் சைக்கிளால், எத்தனை ஆளோடோ மிருகத்தோடோ மோதியதால் என்பதைச் சொல்லக்கூடியது இரண்டாவது குறி மட்டுமே. எங்கள் வீதிக்கு விளக்கு வேண்டும், மாடுகளுக்குப் பட்டி வேண்டும் என்று பிரதேச சபையிடம் கேட்கப்போனால் கையில் என்ன கணக்கு இருக்கும்? எல்லோரும் சும்மா விழுந்தவர்களாக அல்லவா இருப்பார்கள்!

தலைக்கவசம் அணிந்திருந்தாரா என்பதைச் சொல்ல இந்தக் குறிகளில் இடமே இல்லை என்பது என்னைப் பொறுத்தவரை ஒரு பெருங்குறை. தலைக்கவசம் தலைக்காயத்தைச் சுமார் 69 வீதமும் மரணத்தைச் சுமார் 42 வீதமும் குறைக்கிறது என்று 2008இல் வெளியான ஆய்வுத் தொகுப்பொன்று கணக்கிட்டது. குறியில் வராவிட்டாலும் இதையும் வைத்தியரிடம் சொல்லுங்கள்.

எமது மக்கள் அறிந்திருக்க வேண்டிய இன்னொரு குறி உண்டு. யுத்தம் முடிந்த பின்னர், அதன்போது புதைக்கப்பட்ட கண்ணிவெடியில் ஒருவர் அகப்பட்டால் அது ‘வை 36.8’, போர் நடவடிக்கையாகவே பதியப்படும். மீள்குடியேறிய காணிக்குள் மோட்டார் சைக்கிளில் போகும்போது அப்படி நேர்ந்தால், அதை வாகன விபத்தென்று சொல்லிவிடக் கூடாது.

காயம் ஆறிய பின்பும் கதை முடிவதில்லை. முறிந்த கால் கட்டையாகப் பொருந்தி, சில வருடங்களின் பின் வரம்பில் நடக்கவே முடியாமல் போகலாம். பழைய கால் முறிவின் விளைவுக்கு ‘ரி 93.2’, அதற்குக் காரணமான பழைய வாகன விபத்துக்கு ‘வை 85.0’ என்று குறிகள் உண்டு. ஆனால் இன்றைய நொண்டல் அன்றைய விபத்தால் வந்தது என்பதைப் புதிய ஊரின் வைத்தியருக்கு எது காட்டும்? வீட்டுக்கு விடும்போது தந்த டயக்னோசிஸ் காட் காட்டும். இடம்பெயரும்போது நாம் அடையாள அட்டையையும் காணி உறுதியையும் எடுக்கிறோம். இந்தத் துண்டை வளையில் செருகியபடியே விட்டுவிட்டு வந்துவிடுகிறோம். அதன் இரண்டு பக்கத்தையும் போட்டோப் பிரதி எடுத்து, ஒன்றைப் பொலித்தீன் பையில் உறுதியோடு வையுங்கள். மற்றதை வேறு வீட்டில் இருக்கும் பிள்ளையிடமோ சகோதரத்திடமோ கொடுத்து வையுங்கள்.

காயப்பட்டவரைக் கொண்டுபோகும்போது அவர் பேசும் நிலையில் இல்லாவிட்டால், நடந்ததைக் கண்ட ஒருவரையும் அதே ஓட்டோவில் ஏற்றிச் செல்லுங்கள். எதில் போனார், ஓட்டினாரா பின்னால் இருந்தாரா, எதனோடு மோதினார், எந்த இடம் என்ற நான்கையும் அவர் சொல்லட்டும். பொலிஸ் வந்தாலும் அதையே சொல்லட்டும். காப்புறுதி, வழக்கு என்று போகும்போது, ஆஸ்பத்திரியில் ஒரு கதையும் பொலிசில் வேறொரு கதையும் இருந்தால் நட்டம் காயப்பட்டவருக்கே. வீட்டுக்கு விடும் நாளில் டயக்னோசிஸ் காட்டை வாங்கியவுடன், ஆங்கிலம் தெரிந்த ஒருவரைக் கொண்டு அதை வாசிப்பித்துக் கேளுங்கள். ‘விழுந்தார்’ என்று மட்டும் இருந்தால், விடுதியை விட்டு இறங்குமுன் வைத்தியரிடம் நடந்ததை விபரமாகச் சொல்லி, எழுதித் தரும்படி கேளுங்கள்.